படுகளத்தில் கேமராவை எங்கே வைப்பது?

திருவண்ணாமலை என்றதும் கேமராக்கள் எல்லாம் ஒரே பக்கம்தான் திரும்பும். தீபத்தன்று மலையுச்சி, மற்ற நாள்களில் கிரிவலப் பாதை. ஆனால், கோடைக்காலத்தில் செய்யாறு, வந்தவாசி, ஆரணி பக்கம் வண்டியை விட்டால் இந்த மாவட்டத்தின் இன்னொரு முகம் தெரியும். ஊருக்கு ஊர் 'அக்னி வசந்த விழா' பேனர். பகலில் மகாபாரதச் சொற்பொழிவு, ராத்திரி விடிய விடிய தெருக்கூத்து.

நிறைவு நாள் காலையில் படுகளம். திரௌபதி அம்மன் கோயிலுக்குப் பக்கத்துத் திடலில் மண்ணைக் குழைத்து, பிரமாண்டமான துரியோதனனை மல்லாக்கப் படுக்க வைத்திருப்பார்கள். இரவெல்லாம் ஆடிக் களைத்த பீமன் வேஷக்காரரும் துரியோதனன் வேஷக்காரரும், அரிதாரம் வழியும் முகத்தோடு அந்த உடம்பின் மேலும் சுற்றியும் ஓடுவார்கள். தொடை பிளக்கும். திரௌபதி கூந்தலை முடிவாள். அவ்வளவுதான், அந்த மண்ணில் ஒரு பிடி எடுக்கக் கூட்டம் முண்டியடிக்கும். வீட்டில் வைத்தால் நெல்லும் தானியமும் குறையாது என்பது நம்பிக்கை. மாலையில் தீமிதி.

இதை எப்படிப் படம் பிடிப்பீர்கள்? ரீடேக் கேட்க முடியாது. 'கொஞ்சம் தள்ளி நில்லுங்கம்மா' என்று சொல்லவும் முடியாது. அங்கே வேடிக்கை பார்ப்பவர் என்று தனியாக யாரும் இல்லையே! காப்பு கட்டியவர், வரி கொடுத்தவர், தீ மிதிக்க விரதம் இருப்பவர் என எல்லோருக்கும் அதில் பங்கு உண்டு. கேமராவோடு வந்தவர் மட்டும்தான் வெளியாள்.

ஒளிப்பதிவாளர் சசிகாந்த் அனந்தாச்சாரி 2011-ல் இயக்கிய 'கேளாய் திரௌபதை' ஆவணப்படம், வட தமிழக ஊர்களின் இந்த பாரத விழாவைப் பற்றியதுதான். கூத்தை மட்டும் தனியாகக் கத்தரித்து எடுக்காமல், அது பிறக்கும் விழாவோடு சேர்த்துப் பார்த்தது எனக்கு முக்கியமாகப் படுகிறது. மேடையில் 20 நிமிடத்துக்குச் சுருக்கிய கூத்தைப் பார்த்துவிட்டு 'தெருக்கூத்து பார்த்தாச்சு' என்று சொல்லும் நகரத்து ஆட்களில் நானும் ஒருத்திதான்.

சரி, ஊரைப் படம் எடுக்காமல், ஊரே படம் எடுத்தால்? அதற்கு ஓர் உதாரணம் இருக்கிறது. தெலங்கானாவில் ஜஹீராபாத் அருகே பஸ்தாபூர். டெக்கான் டெவலப்மென்ட் சொசைட்டியைத் தொடங்கியவர்களில் ஒருவரான பி.வி.சதீஷ், முன்பு தூர்தர்ஷனில் தயாரிப்பாளராக இருந்தவர். 1990-களின் பிற்பகுதியில், பள்ளிக்கூடமே பார்க்காத தலித் பெண் விவசாயிகளுக்கு அங்கே வீடியோ பயிற்சி தொடங்கியது. 'டாப் ஆங்கிள்', 'லோ ஆங்கிள்' என்ற பேச்செல்லாம் அவர்களுக்கு எதற்கு? சொந்தமாகவே பெயர் வைத்தார்கள். மேலேயிருந்து கீழே பார்த்து எடுத்தால் 'பட்டேல் ஷாட்'. நிலக்கிழார் அப்படித்தானே பார்ப்பார்! கீழேயிருந்து அண்ணாந்து எடுத்தால் அடிமை ஷாட். கண்ணுக்கு நேராக எடுத்தால் 'சங்கம் ஷாட்'. சங்கத்தில் எல்லோரும் ஒரே தரையில் உட்காருவதால் அந்தப் பெயர்.

பேரோடு நிற்கவில்லை. வாரங்கல் விவசாயிகள் பி.டி. பருத்தியில் பட்ட நஷ்டத்தை வயல் வயலாகப் பின்தொடர்ந்து 2003-ல் அவர்கள் எடுத்த படம் வெளிநாடுகளிலும் பேசப்பட்டது. 2008-ல் சொந்தமாக ஒரு வானொலியும் தொடங்கினார்கள். சதீஷ் 2023-ல் காலமானார்.

இந்தக் கணக்கை நம் படுகளத்துக்குப் போட்டுப் பாருங்கள். இப்போது திருவிழா வீடியோ என்றாலே ட்ரோன்தான். மண் துரியோதனனின் முழு உருவமும் தெரிய உயரே போய்த்தான் ஆக வேண்டும், ஒத்துக்கொள்கிறேன். ஆனால், அவ்வளவு உயரத்தில் இருந்து, தொடைப் பக்கம் முந்தானையை ஏந்தி நிற்கும் பாட்டியின் முகம் தெரியாது. பட்டேல் ஷாட்!

வெளியிலிருந்து வருகிறவர்கள் கற்றுக்கொள்பவர்களாக வந்தால் கதையே வேறு. செய்யாறு பக்கத்துப் புரிசையின் கண்ணப்ப சம்பந்தன் வாத்தியாரிடம், பாரீஸின் புகழ்பெற்ற தியேத்ர் து சொலேய் குழுவினர் கூத்து பயின்றார்கள். அடவும் பாட்டும் பழகி, 2016-ல் தங்கள் நாடகத்தில் பாரதக் கூத்தை ஆடினார்கள். வாத்தியாருக்கு 2025-ல் பத்மஸ்ரீ அறிவிக்கப்பட்டது.

ஆவணப்படம் என்ற பெயரே இல்லாமல் இன்னொரு வேலையும் நடக்கிறது. யூடியூபில் 'தெருக்கூத்து' என்று தட்டுங்கள். 'கர்ண மோட்சம்', 'அர்ச்சுனன் தபசு' என்று மணிக்கணக்கில் ஓடும் முழு இரவு வீடியோக்கள் வரிசைகட்டும். எடிட்டிங் கிடையாது, மைக் இரையும், கட்டியங்காரன் பேச்சுக்கு நடுவே யாரோ குழந்தையைத் தேடுவார்கள். திரையிலேயே மன்றத்தின் பெயரும் கூத்துக்கு அழைக்க செல்போன் நம்பரும் இருக்கும். ஸ்டாண்டு போட்டுப் பந்தலுக்குள் வைத்த ஒரே கேமரா. முன்வரிசையில் உட்கார்ந்திருப்பவர் எழுந்து டீ குடிக்கப் போனால், கொஞ்ச நேரம் அவர் முதுகைத்தான் பார்க்க வேண்டியிருக்கும்.