லாரிக்குச் சிறை, முதலைக்கு விடுதலையா?

முக்கொம்பிலே பிரிந்த காவிரி ஒரு புறம், கொள்ளிடம் மறு புறம், இரண்டுக்கும் இடையே திருவரங்கம். அந்த ஆற்று மணலைத் திருட்டுத்தனமாக ஏற்றியதாகப் பிடிக்கப்பட்ட லாரிகளும் டிராக்டர்களும் மாட்டுவண்டிகளும் திருச்சி வட்டாரத்துக் காவல் நிலையங்களில் வெயிலிலே காய்ந்து, மழையிலே நனைந்து கிடக்கின்றன.

'திருட்டு மணல்தானே, கிடக்கட்டும்' என்பார் சிலர். மணல் கொள்ளைக்கு வக்காலத்து வாங்க நாம் வரவில்லை. 2018 ஆகஸ்டு வெள்ளத்திலே, 1928-இல் கட்டப்பட்ட பழைய கொள்ளிடப் பாலத்தின் தூண்கள் சரிந்தன. அதே மாதம் 22-ஆம் நாள் முக்கொம்பு மேலணையின் கொள்ளிட மதகுகள் ஒன்பது அடித்துச் செல்லப்பட்டன. மணலை அளவின்றி அள்ளியதன் பலன் இது என்று உழவர்கள் குமுறினர். ஆறு செத்தால் முதலில் சாவது உழைப்பவன் வயிறுதான். ஆகவே, திருடியவனைத் தண்டியுங்கள். ஆனால் தண்டிப்பது தீர்ப்பாக இருக்கட்டும், துருவாக இருக்க வேண்டாம்!

சட்டம் என்ன சொல்கிறது? 1957-ஆம் ஆண்டுச் சுரங்கங்கள், கனிமங்கள் சட்டப்படி அதிகாரி வண்டியைப் பிடித்து வைக்கலாம். அதை அடியோடு பறிமுதல் செய்யும் உரிமையோ நீதிமன்றத்துக்கே உண்டு. தீர்ப்பு வரும் வரை வண்டியின் கதி என்ன? பிடித்த வண்டிகளை நெடுநாள் நிலையத்திலே போட்டு வைப்பதால் பயன் ஒன்றுமில்லை. படமெடுத்து, பத்திரமும் ஈடும் பெற்று ஒப்படையுங்கள் என்று 2002-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிற்று. 2018 அக்டோபர் 29-இல் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, மணல் கடத்தல் வண்டிகளை விடக்கூடாது, பறிமுதலுக்கு வழி செய்யுங்கள் என்றது. விட்ட வண்டி மறுநாளே ஆற்றில் இறங்கும் கொடுமையை நாமும் அறிவோம். அதன் பின்னரும் நிபந்தனையோடு வண்டிகளை விடுவித்த ஆணைகள் உண்டு.

ஆனால் சிக்கியவன் யார்? கடன் வாங்கி ஒற்றை லாரி வைத்திருப்பவன். லாரி நின்றாலும் தவணை நிற்பதில்லை. டயர் வெடிக்கிறது, பேட்டரி சாகிறது, நாளொன்றுக்குப் படி வாங்கிப் பிழைக்கும் ஓட்டுநரின் அடுப்பு அணைகிறது. வழக்கு முடிந்து குற்றமற்றவன் என்றே தீர்ப்பு வந்தாலும், அவன் கைக்கு வருவது லாரியா, பழைய இரும்பா?

மறுபக்கம் பாருங்கள். 2003 அக்டோபர் முதல் ஆற்று மணல் குவாரி அரசின் கையில். அப்படியிருந்தும் 2023-இல் அமலாக்கத் துறை சோதனையிட்டு, திருச்சி உள்ளிட்ட ஐந்து மாவட்ட ஆட்சியர்களுக்கு அழைப்பாணை அனுப்பிற்று. அவர்கள் ஆஜராக வேண்டுமென்று 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றமே சொல்ல நேர்ந்தது. வண்டியோட்டியைப் பிடிக்க ஓர் இரவு போதும். அள்ளச் சொன்னவன் யார், வாங்கிக் குவித்தவன் யார் என்று கேட்க மட்டும் ஆண்டுகள் பலவா?

தோழர்களே! வண்டி பிடிபட்டால் தரகனைத் தேடி ஓடாதீர்கள். பதிவுப் புத்தகம், காப்பீடு, நடைச்சீட்டு இருந்தால் அதுவும் எடுத்துக்கொண்டு வழக்கறிஞரோடு உரிய நீதிமன்றத்துக்குச் செல்லுங்கள். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 451, 457 பிரிவுகள் என இருந்தவை, 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்திலே 497, 503. வண்டியை விற்கமாட்டேன், உருமாற்றமாட்டேன், அழைத்தபோது கொண்டுவருவேன் என்று எழுதிக் கொடுக்க வேண்டிவரும். எழுதிக் கொடுத்தால் அந்தச் சொல்லைக் காப்பாற்றுங்கள். மீண்டும் ஆற்றில் இறங்குபவனுக்காக நாம் பேசமாட்டோம்.

அரசை நாம் கேட்பது மூன்று. பிடித்த வண்டிக்கு உடனே புகார் தாக்கல் செய்க! முதன்முறை சிக்கிய எளியவன் மனுவை எதிர்த்து இழுத்தடிக்காதே! லாரியோடு நில்லாமல், மணல் போய்ச் சேர்ந்த முற்றம் வரை விசாரி!

லாரிக்கு வாயில்லை, யார் அனுப்பினார் என்று அது சொல்லாது. அதனால்தான் அதைச் சிறை வைத்துவிட்டு, வாயுள்ள முதலைகளைக் கேட்காமல் விடுகிறார்களோ?