பிணை என்பது விடுதலை அன்று

வன்முறைக் குற்றச்சாட்டில் கைதான ஒருவர் பிணையில் வெளிவந்தார் என்னும் செய்தி பலரைக் கொதிப்படையச் செய்கிறது. ‘குற்றவாளியை இவ்வளவு எளிதாக விட்டுவிட்டார்களே!’ எனச் சமூக ஊடகங்களில் எழுதுகின்றனர். பிணை மறுக்கப்பட்டாலோ, அவர் குற்றம் செய்தது உறுதியாகிவிட்டதாக எண்ணுகின்றனர். இவ்விரண்டு எண்ணங்களும் தவறானவை. பிணை மனுவை ஆராயும் நீதிமன்றம், ‘இவர் குற்றவாளியா?’ என்னும் கேள்விக்கு அன்று தீர்ப்புக் கூறுவதில்லை.

குற்றம் மெய்ப்பிக்கப்படும்வரை ஒருவர் நிரபராதியே என்பது நீதியின் அடிப்படை. சட்டப்படி அன்றி எவருடைய தனிமனிதச் சுதந்திரத்தையும் பறிக்கக்கூடாது என மலேசியக் கூட்டரசு அரசியலமைப்பின் 5ஆம் பிரிவு கூறுகிறது. ஆனால், ஒரு வழக்கு முடிவடையப் பல மாதங்கள், சில வேளைகளில் ஆண்டுகள்கூட ஆகலாம். அதுவரை குற்றம் சாட்டப்பட்டவரைச் சிறையில் வைத்திருப்பதா, நிபந்தனைகளுடன் வெளியே அனுப்புவதா? இதை முடிவு செய்வதே பிணை விசாரணையின் நோக்கம்.

மலேசியாவின் குற்றவியல் நடைமுறைச் சட்டம் குற்றங்களை இரு வகையாகப் பிரிக்கிறது. முதல் வகைக் குற்றங்களுக்குப் பிணை பெறுவது உரிமையாகும். சாதாரணக் காயம் விளைவித்தல் இவ்வகையைச் சேரும். இரண்டாம் வகைக் குற்றங்களுக்குப் பிணை வழங்குவதா, மறுப்பதா என்பதை நீதிமன்றமே முடிவு செய்யும். கொள்ளை, ஆபத்தான ஆயுதத்தால் கடுங்காயம் விளைவித்தல் போன்றவை இவ்வகையில் அடங்கும்.

கொலை வழக்குகளில் விதி மேலும் கடுமையானது. கட்டாய மரண தண்டனை 2023இல் நீக்கப்பட்டபோதிலும், கொலைக் குற்றத்திற்கு இன்றும் மரண தண்டனை விதிக்கப்படலாம். மரண தண்டனைக்கோ ஆயுள் தண்டனைக்கோ உரிய குற்றத்தை ஒருவர் புரிந்திருப்பதாக நம்புவதற்குத் தகுந்த காரணம் இருந்தால், அவருக்குப் பிணை வழங்க இயலாது. எனினும், 16 வயதுக்கு உட்பட்டவர், பெண், நோயாளி, உடல்நலம் குன்றியவர் ஆகியோர் விடுக்கும் வேண்டுகோளை நீதிமன்றம் பரிசீலிக்கலாம்.

எடுத்துக்காட்டாக, பாராங் கத்தியால் அண்டை வீட்டுக்காரரை வெட்டிக் கடுங்காயம் விளைவித்ததாக ஒருவர்மீது குற்றம் சாட்டப்படுகிறது எனக் கொள்வோம். இதற்கு 20 ஆண்டுகள்வரை சிறைத்தண்டனை விதிக்கப்படலாம். தண்டனை கடுமையானது என்பதால் அவர் தப்பியோட வாய்ப்புண்டா? காயமடைந்தவரும் சாட்சிகளும் அதே தெருவில் வசிப்பதால் அவர்களை மிரட்டுவாரா? அதே குற்றத்தை மீண்டும் புரிவாரா? அரசுத் தரப்பு வழக்கறிஞர் இத்தகைய ஐயங்களை முன்வைப்பார். அவருக்கு நிலையான வேலையும் குடும்பமும் உள்ளன, முன்பு குற்றப்பதிவு ஏதுமில்லை எனத் தற்காப்பு வழக்கறிஞர் வாதிடுவார். இருதரப்பையும் கேட்டபின் நீதிபதி முடிவெடுப்பார்.

பிணை வழங்கினால், நீதிபதி அதற்கான காரணத்தை எழுத்தில் பதிவு செய்ய வேண்டும். கடப்பிதழை ஒப்படைத்தல், மாதந்தோறும் காவல் நிலையத்திற்குச் செல்லுதல், சாட்சிகளை நெருங்காதிருத்தல் முதலிய நிபந்தனைகளை அவர் விதிக்கலாம். பிணைத்தொகை தண்டனை அன்று. குற்றம் சாட்டப்பட்டவர் மீண்டும் நீதிமன்றம் வருவதை உறுதிசெய்வதே அதன் பயன். எனவே, அத்தொகை அளவுக்கு மீறியதாக இருத்தல் கூடாது. அவர் தலைமறைவானால், அவருக்காகக் கையொப்பமிட்ட பிணையாளர் அத்தொகையை இழக்க நேரிடும். பிணையில் உள்ளவரை மீண்டும் கைது செய்து காவலில் வைக்க ஆணையிடவும் நீதிமன்றத்திற்கு அதிகாரம் உண்டு. பிணை மறுக்கப்பட்டவரோ உயர் நீதிமன்றத்தை நாடலாம்.

இம்முடிவில் ஏற்படும் பிழைக்கு விலை அதிகம். தவறாகப் பிணை வழங்கினால், ஏற்கெனவே காயமுற்றவர் தம் வீட்டிலேயே அஞ்சி வாழ நேரிடும். தவறாக மறுத்தால், பின்னர் நிரபராதி என விடுவிக்கப்படுபவர் வேலையையும் குடும்பத்துடன் வாழ வேண்டிய காலத்தையும் இழந்திருப்பார். அக்காலத்தை எந்தத் தீர்ப்பாலும் திருப்பித் தர இயலாது. இவ்விரண்டு இழப்புகளையும் எடைபோட்டுப் பார்ப்பதாலேயே நீதிமன்றம் மக்களின் கோபத்திற்கேற்ப முடிவெடுப்பதில்லை. தன்முன் வைக்கப்பட்ட விவரங்களையே நம்புகிறது.