மெழுகுச் சட்டையும் ஒரு சுண்டுச் சாம்பலும்

பயறு, உழுந்து, கௌபி ஆகியவற்றை விதைக்கென்று எடுத்து வைக்கும் வீடுகளில் ஒரு துயரம் அடிக்கடி நிகழ்கின்றது. விதைப்புக் காலம் வந்து பேணியைத் திறந்தால் மணிகளில் வட்டமான ஓட்டைகள், அடியில் மாப்போன்ற தூள், மேலே ஊரும் கபில நிற வண்டுகள். சொந்தக் காணியில் இருப்பவர் அயலிலே கேட்டு வாங்கி விதைத்துவிடுவார். 1995 ஒக்ரோபரில் வலிகாமத்தை விட்டு வடமராட்சிக்கும் தென்மராட்சிக்கும் வந்தவர்களைப்போல, இடம்பெயர்ந்து குத்தகைக் காணியில் பயிர்செய்யும் குடும்பத்துக்கோ அந்தப் பேணியில் இருப்பதே முதல். அது உளுத்துப்போனால் அந்தப் போகமே போய்விடும்.

நமது பாட்டிமார் விதையைச் சாம்பலில் புரட்டி வைத்தார்கள். இது வெறும் பழக்கமா, இதில் ஏதும் அறிவு உண்டா? விடையை அறிய முதலில் பூச்சியின் உடலைப் பார்ப்போம்.

பூச்சியின் சட்டை

ஒரு சிரட்டைத் தண்ணீரையும் ஒரு பானைத் தண்ணீரையும் வெயிலில் வைத்தால் சிரட்டைத் தண்ணீரே முதலில் வற்றும். பூச்சியின் உடலும் சிரட்டையைப் போன்றது. அதிலுள்ள நீர் மிகக் கொஞ்சம். அந்த நீர் வற்றாமல் காப்பது அதன் தோலின்மேல் படிந்துள்ள மெழுகு. மனித மயிரின் தடிப்பில் நூறில் ஒரு பங்கும் இல்லாத மெல்லிய படை அது. அதில் பெருமளவு இருப்பவை ஐதரோகாபன்கள் எனப்படும் இரசாயனப் பொருள்கள். நாம் ஏற்றும் மெழுகுதிரியில் உள்ளவையும் அதே குடும்பத்தைச் சேர்ந்தவையே.

1935 இல் றாம்சே என்ற பிரித்தானிய அறிஞர் கரப்பான் பூச்சியை ஆராய்ந்தார். வெப்பம் ஏறக்குறைய 30 பாகை செல்சியசைத் தாண்டியதும் அதன் உடலிலிருந்து நீர் திடீரென வேகமாக வெளியேறக் கண்டார். சூட்டில் அந்தப் படையின் கட்டுக் குலைகிறது. 1945 இல் விகிள்ஸ்வேர்த் என்ற மற்றோர் அறிஞர், நுண்ணிய கரடான தூளின்மேல் பூச்சிகளை நடக்கவிட்டார். தூள் மெழுகை உரஞ்சி எடுத்தது. பூச்சிகள் நீரிழந்து வாடின. இங்கே கவனிக்க வேண்டியது ஒன்றுண்டு: நகராத பூச்சிக்குத் தூளால் பெரிய சேதமில்லை. ஊர்ந்து திரியும் பூச்சியே தன் சட்டையைத் தானே கிழித்துக்கொள்கிறது.

மெழுகுக்கு வேறு வேலைகளும் உண்டு. இரண்டு எறும்புகள் சந்தித்ததும் உணர்கொம்புகளால் ஒன்றையொன்று தடவுவதைப் பார்த்திருப்பீர்கள். ஒவ்வொரு புற்றுக்கும் அந்த மெழுகில் தனி வாசனை இருக்கிறது. வாசனை பொருந்தினால் நம்மவர், பொருந்தாவிட்டால் அந்நியர்.

பப்பாசியில் வெள்ளைப் பஞ்சுபோலப் படியும் மாவுப்பூச்சிக்கு மெழுகே கவசம். தெளிக்கும் மருந்து அதில் ஒட்டாமல் வழிந்துவிடும். 2008 இல் இலங்கையில் பரவிய பப்பாசி மாவுப்பூச்சியை அடக்க, மறு ஆண்டில் ஒரு சிறிய ஒட்டுண்ணிக் குளவியைக் கொண்டுவந்து விடவேண்டியதாயிற்று. வளவில் இரண்டொரு மரத்தில் கண்டால் சவர்க்காரத் தண்ணீரால் இலையின் அடிப்புறத்தைக் கழுவுங்கள். சவர்க்காரம் மெழுகை இளக்கும்.

சாம்பல் செய்யும் வேலை

சாம்பல் இரண்டு வகையில் உதவுகிறது. வண்டின் மெழுகை உரஞ்சி அதை உலர்த்துகிறது. மணிகளுக்கிடையே உள்ள வெளிகளை நிரப்பி, வண்டுகள் ஒன்றுசேர்ந்து முட்டையிடுவதையும் தடுக்கிறது. ஆனால் ஒரு பிடி தூவினால் போதாது. ஆபிரிக்காவின் கமரூன் நாட்டு விவசாயிகளின் முறையை ஆராய்ந்தவர்கள் கண்ட அளவு, நாலு சுண்டுக் கௌபிக்கு மூன்று சுண்டுச் சாம்பல். சாம்பல் தூவியும் வண்டு வந்தது என்று சொல்பவர்கள் அளவைப் பார்க்க வேண்டும்.

செய்யும் முறை இதுதான்:

1. அறுவடை முடிந்த கையோடு விதையைப் பாயில் மெல்லிதாகப் பரப்பி நன்றாகக் காயவிடுங்கள். சூடேறிய தகரத்தில் போடவேண்டாம், முளைதிறன் கெடும்.

2. சுளகில் புடைத்து, ஓட்டை விழுந்த மணிகளை அகற்றுங்கள். புழு மணிக்குள்ளே இருந்து தின்பதால் சாம்பல் அதைத் தொடாது. ஆகவே வண்டு பெருகுமுன் சேமிப்பது அவசியம்.

3. விறகுச் சாம்பலை ஆறவிட்டு அரித்தெடுங்கள். பிளாஸ்ரிக், வர்ணம் பூசிய பலகை எரித்த சாம்பல் வேண்டாம். கலக்கும்போது மூக்கைத் துணியால் மூடிக்கொள்ளுங்கள்.

4. விதையுடன் கலந்து, மேலே மூன்று விரற்கடை தடிப்புக்குச் சாம்பல் பரப்பி, இறுக்கமாக மூடுங்கள்.

5. ஈரம் சாம்பலின் எதிரி. காற்றில் ஈரம் மிகுந்தால் பூச்சி எளிதில் உலராது. பருத்தித்துறையில் கடற்காற்றும் ஒக்ரோபர் முதல் டிசெம்பர் வரை மாரி மழையும் உண்டு. எனவே பேணியை நிலத்தில் வையாமல் பலகைமேல் வையுங்கள். மழைக்குமுன் ஒருமுறை திறந்து பாருங்கள்.

பூச்சிகொல்லித் தூளை விதையில் கலப்பவர்களும் உண்டு. இடம் நெருக்கமான வீட்டில், விதையும் உணவும் ஒரே மூலையில் இருக்கும்போது, பசித்த பிள்ளைக்கு விதைப்பேணி எது, கறிப்பேணி எது என்று தெரியாது. சாம்பலைக் கழுவினால் போய்விடும், பயறும் சமையலுக்கு உதவும்.

வடைக்குப் பேர்போன பருத்தித்துறையில் உழுந்தின் பெறுமதியை எவருக்கும் சொல்லத் தேவையில்லை. இந்தப் போகத்தில் ஒவ்வொரு குடும்பமும் இரண்டு பேணி விதை கட்டிவைக்கட்டும். ஒன்று தமக்கு. மற்றது, விதையில்லாமல் வந்துசேரும் அடுத்த குடும்பத்துக்கு.