ஒரு நாள் பிந்தினால் 3,170 ரூபாய்

அடுத்தடுத்த இரண்டு வகுப்பறைகள், ஒரே பாடநூல், ஒரே பாடவேளை. ஆனால் தமிழக அரசுப் பள்ளிகளில் 2009 மே 31 வரை பணியில் சேர்ந்த இடைநிலை ஆசிரியரின் அடிப்படை ஊதியம் 8,370 ரூபாய் என்று நிர்ணயமானது. ஜூன் 1 முதல் சேர்ந்தவருக்கு 5,200 ரூபாய்தான். முன்னவர் வாங்கிக்கொண்டிருந்த 4,500 ரூபாயை 1.86 ஆல் பெருக்கி 8,370 ஆக்கினார்கள். பின்னவரிடம் பெருக்குவதற்குப் பழைய சம்பளம் ஏது? புதிய ஊதிய விகிதத்தின் அடிப்படியில் நிறுத்திவிட்டார்கள். சென்னையில் பள்ளிக் கல்வித் துறையின் டி.பி.ஐ. வளாகத்தில் ‘சம வேலைக்குச் சம ஊதியம்’ என்ற முழக்கம் திரும்பத் திரும்ப ஒலித்தது இந்த 3,170 ரூபாய்க்காகத்தான்.

அந்த முழக்கத்துக்கு நீதிமன்றத்தில் உயிர் வந்தது 1982-ல், டெல்லி காவல்துறை ஓட்டுநர் ரண்தீர் சிங்கின் வழக்கில். மெட்ரிக் படிக்காத காவல்துறை ஓட்டுநருக்கு 210–270 ரூபாய் விகிதம். ரயில்வே பாதுகாப்புப் படை ஓட்டுநருக்கோ 260–400. இருவரும் பிடிப்பது ஸ்டீயரிங்தானே என்றார் அவர். சம ஊதியம் நேரடியான அடிப்படை உரிமை இல்லை, ஆனாலும் அரசியல் சாசனத்தின் இலக்கு என்று நீதிபதி சின்னப்ப ரெட்டி தீர்ப்பெழுதினார். ரயில்வே படை ஓட்டுநரின் விகிதம் அவருக்கும் கிடைத்தது.

அதன்பிறகு வந்த தீர்ப்புகளில் கொஞ்சம் எச்சரிக்கை தெரியும். ஊதியம் நிர்ணயிப்பது ஊதியக் குழுவின் வேலை, பதவிப் பெயர் ஒன்றாக இருந்தால் மட்டும் போதாது, தகுதியும் பொறுப்பும் ஒன்று என வழக்குப் போட்டவர்தான் நிரூபிக்க வேண்டும் என்று நீதிமன்றங்கள் சொல்லத் தொடங்கின. அரசு ஊழியர் பலரின் மனுக்கள் தோற்பது இந்த இடத்தில்தான். 2016-ல் ஜக்ஜித் சிங் வழக்கில், நிரந்தர ஊழியரின் வேலையையே செய்யும் தற்காலிக ஊழியருக்கு அந்தப் பதவியின் குறைந்தபட்ச ஊதியமாவது தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது பெரிய ஆறுதல்.

தேதி செய்யும் வம்புக்கு இன்னொரு கதை உண்டு. ஆறாவது ஊதியக் குழுவுக்குப் பிறகு மத்திய அரசு ஊழியர் எல்லோருக்கும் ஆண்டு ஊதிய உயர்வு ஜூலை 1 அன்று என்றானது. சென்னையில் சுங்கம், கலால் துறை உயரதிகாரி ஒருவர் 2013 ஜூன் 30 அன்று ஓய்வு பெற்றார். ஓராண்டு முழுக்க உழைத்தாயிற்று. உயர்வு மட்டும் மறுநாள் காலையில் காத்திருந்தது, அவர் அப்போது பணியில் இல்லை. மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் கைவிரித்தது. அவர் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனார். தன் ஊழியர்களில் இத்தகையவர்களுக்கு ஓய்வூதியக் கணக்குக்காக மட்டும் ஓர் உயர்வைச் சேர்க்கத் தமிழக அரசு 2014-லேயே அரசாணை போட்டிருந்தது. அதையும் சுட்டிக்காட்டி 2017-ல் உயர் நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்பளித்தது. மறு ஆண்டு உச்ச நீதிமன்றமும் தலையிட மறுத்தது.

ஆனால் அது அந்த ஒருவருக்கான தீர்ப்பு என்றே துறைகள் கோப்பில் எழுதின. அதே ஜூன் 30-ல் ஓய்வு பெற்றவர்கள் ஊர் ஊராகத் தனித்தனியே வழக்குப் போட வேண்டியதாயிற்று. 2023 ஏப்ரல் 11 அன்று கர்நாடக மின் தொடரமைப்புக் கழகத்தின் வழக்கில் உச்ச நீதிமன்றம் விரிவாகத் தீர்ப்பளித்த பிறகே குழப்பம் அடங்கியது.

நிலுவைத் தொகை விஷயத்தில் மட்டும் நீதிமன்றங்கள் கறார். தவறான ஊதிய நிர்ணயம் மாதாமாதம் தொடரும் பிழை என்பதால் எத்தனை ஆண்டு கழித்தும் வழக்குப் போடலாம்; பாக்கி கிடைப்பது பெரும்பாலும் மனுப் போட்ட நாளுக்கு முந்தைய 3 ஆண்டுகளுக்குத்தான். ஜூன் 30 விவகாரத்திலும் 2025 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் இப்படித்தான் பிரித்தது. ஏற்கெனவே நீதிமன்றம் வந்தவர்களுக்கு மூன்றாண்டு பாக்கி உண்டு. வராமல் வீட்டிலிருந்தவர்களுக்கு உயர்ந்த ஓய்வூதியம் 2023 மே 1 முதல்.