ஆவடிக்குக் கீழே உடைந்த கண்டம்

ஆவடி என்றதும் சிலருக்கு டாங்கித் தொழிற்சாலை நினைவுக்கு வரும். மூத்தவர்களுக்கு 1955-இல் நடந்த காங்கிரஸ் மாநாடு. நிலவியல் படித்தவர்களுக்கோ அது ஒரு பாறை அடுக்கின் பெயர். இந்தியாவின் நிலவியல் நூல்களில் 'ஆவடி', 'ஸ்ரீபெரும்புதூர்', 'சத்தியவேடு' என்று மூன்று அடுக்குகள் வரிசையாக வரும். சென்னையின் மேற்கு விளிம்பில், வண்டல் மண்ணுக்கும் செம்புறைக்கும் அடியில் கிடக்கும் களிப்பாறை, மணற்பாறை, கூழாங்கல் திரள் ஆகியவற்றுக்கு அறிவியல் வைத்த பெயர்கள் இவை. வயது ஏறக்குறைய 12 முதல் 13 கோடி ஆண்டுகள். கோண்ட்வானா என்ற பெருங்கண்டம் உடைந்தபோது விழுந்த பள்ளத்தை நிரப்பிய மண் இது.

பள்ளம் விழுவதற்கு முன்பு என்ன இருந்தது என்று பார்க்கப் பல்லாவரம் பக்கம் போக வேண்டும். பரங்கிமலை, பல்லாவரம், திரிசூலம் குன்றுகள் எல்லாம் சார்னோக்கைட் என்ற கருநீலப் பாறை. கல்கத்தாவில் கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி ஜாப் சார்னாக்கின் கல்லறைக்கு இங்கிருந்து போன கல்தான் பயன்பட்டது; அதை வைத்து நிலவியலாளர் தாமஸ் ஹாலண்ட் 1893-இல் இந்தப் பாறைக்குச் சார்னாக்கின் பெயரைச் சூட்டினார். சார்னாக் பல்லாவரத்தைப் பார்த்தாரோ இல்லையோ, உலகம் முழுவதும் இந்த வகைப் பாறைக்கு அவர் பெயர்தான். பல்லாவரத்துப் பாறைக்கு வயது சுமார் 250 கோடி ஆண்டுகள். பூமியின் ஆழத்தில், கடும் வெப்பத்தில் வெந்து உருவானது.

அண்டார்டிகாவில் எண்டர்பி நிலம் என்றொரு கரை இருக்கிறது. அங்கும் ஏறக்குறைய இதே காலத்தில், இதே போன்ற வெப்பத்தில் உருமாறிய பாறைகள் உள்ளன. சார்னோக்கைட் குடும்பத்தில் ஒரு வகைக்கு 'எண்டர்பைட்' என்றே பெயர். பழைய கோண்ட்வானா வரைபடத்தை அடுக்கிப் பார்க்கும் ஆய்வாளர்கள், இந்தியாவின் கிழக்குக் கரையை அண்டார்டிகாவின் இந்தப் பக்கத்தோடுதான் ஒட்டவைக்கிறார்கள். அன்று மெரினா இல்லை, வங்கக் கடல் இல்லை, இமயமலை இல்லை. பூந்தமல்லியிலிருந்து கிழக்கே நடந்தால் அண்டார்டிகா வந்திருக்கும்.

தென் அமெரிக்கா, ஆப்பிரிக்கா, மடகாஸ்கர், இந்தியா, ஆஸ்திரேலியா, அண்டார்டிகா எல்லாம் ஒன்றாக இருந்த அந்தப் பெருநிலம் சுமார் 18 கோடி ஆண்டுகளுக்கு முன்பு பிளக்கத் தொடங்கியது. இந்தியாவுக்கும் அண்டார்டிகாவுக்கும் நடுவே விரிசல் கண்டது சுமார் 13 கோடி ஆண்டுகளுக்கு முன்பு. கண்டம் ஒரே நாளில் இரண்டாகிவிடாது. முதலில் மேலோடு இழுபட்டு மெலியும். பிறகு நீளநீளமான துண்டுகள் கீழே இறங்கும். அப்படி இறங்கிய பள்ளங்கள்தாம் கிருஷ்ணா-கோதாவரி, பாலாறு, காவிரிப் படுகைகள். ஆவடியும் பூந்தமல்லியும் ஸ்ரீபெரும்புதூரும் இருப்பது இந்தப் பாலாற்றுப் படுகையில். ஆறுகள் மண்ணைக் கொண்டுவந்து கொட்டின. புதிதாகத் திறந்த கடல் அவ்வப்போது உள்ளே எட்டிப் பார்த்தது. அதனால்தான் ஸ்ரீபெரும்புதூர் அடுக்கில் நிலத்துச் செடிகளின் இலைப் பதிவுகளும் கடல் உயிர்களின் படிமங்களும் கலந்து கிடைக்கின்றன.

இந்த அடுக்குகளை முதலில் முறையாக ஆராய்ந்து வரைபடமாக்கியவர் ராபர்ட் புரூஸ் ஃபுட். 1863-இல் பல்லாவரத்தில் கற்கருவியைக் கண்டெடுத்தவர் என்றே நாம் அவரை அறிவோம். இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையில் அவருக்கு அன்றாட வேலை சென்னையைச் சுற்றியுள்ள பாறைகளை வகைப்படுத்துவது. செடிப் படிமங்களை ஆராய்ந்து 1879-இல் நூலாக்கியவர் ஓட்டோகார் ஃபீஸ்ட்மான்டல். அதில் மிகுதியாக வருவது டைலோஃபில்லம்: இறகு போன்ற இலை, பார்வைக்கு சைக்கஸ் செடி மாதிரி, ஆனால் அடியோடு அழிந்துபோன வேறொரு குடும்பம். ஜார்க்கண்டின் ராஜ்மகால் குன்றுகளிலும் அது உண்டு. அண்டார்டிக் தீபகற்பத்தின் ஹோப் விரிகுடாவிலும் உண்டு. இன்று பனி சூழ்ந்த அந்தக் கரையிலும் நம் ஸ்ரீபெரும்புதூரிலும் ஒரே செடி எப்படி முளைத்தது என்ற கேள்விக்கு, நிலம் ஒன்றாக இருந்தது என்பதைவிட எளிய பதில் கிடையாது.

ஆவடி அடுக்கு பெரும்பாலும் களிப்பாறை. நீர் தேங்கிய இடத்தில் மெல்லப் படிந்த நுண்மண் அது. இறுகிய களியில் தண்ணீர் ஊறிவர இடம் குறைவு. மேற்குப் புறநகரில் ஒரு தெருவில் போர் போட்டால் தண்ணீர் வருவதும், அடுத்த தெருவில் சாம்பல் நிறச் சேறு மட்டும் வருவதும் ஏன் என்பதற்கு ஒரு காரணம் இங்கே இருக்கிறது. கண்டம் உடைந்த கணக்கு, கடைசியில் போர்வெல் பில்லில் வந்து நிற்கிறது.

சத்தியவேடு அடுக்கின் கதை வேறு. அது குவார்ட்சைட் கூழாங்கற்கள் நிறைந்த திரள். வேகமாக ஓடிய ஆறுகள் மலைப் பாறையை உடைத்து, உருட்டி, இங்கே இறக்கிவிட்டுப் போயின. பூண்டிப் பக்கம் அல்லிக்குழிக் குன்றுகளில் இந்தக் கற்கள் குவிந்து கிடக்கின்றன. கோடிக்கணக்கான ஆண்டுகள் கழித்து அவற்றைக் கையில் எடுத்தவன் ஆதிமனிதன். அருகிலுள்ள அத்திரம்பாக்கத்தில் தொல்லியலாளர்கள் சாந்தி பப்புவும் குமார் அகிலேஷும் அகழ்ந்தெடுத்த கைக்கோடரிகள் இந்தக் குவார்ட்சைட்டில் செய்யப்பட்டவை. அவற்றின் வயது சுமார் 15 லட்சம் ஆண்டுகள் என்று 2011-இல் அறிவித்தார்கள். ஒரு வேடிக்கை: கருவிகள் புதைந்திருந்த களிமண்ணை முன்பு சிலர் ஆவடிக் களிப்பாறை என்றே எண்ணியிருந்தார்கள். அது உண்மையாக இருந்தால் டைனோசர் காலத்தில் மனிதன் கல் கொத்தியிருக்க வேண்டும்!

கோண்ட்வானா என்றால் தமிழ் வாசகருக்கு உடனே லெமூரியா நினைவுக்கு வரும். இரண்டையும் ஒன்றாகச் சேர்த்துப் பேசுகிற மேடைகளுக்குக் குறைவில்லை. 1864-இல் விலங்கியலாளர் பிலிப் ஸ்கிளேட்டர் லெமூரியாவை முன்வைத்தபோது அவர் கவலைப்பட்டது லெமூர் என்ற விலங்கைப் பற்றி. மடகாஸ்கரிலும் இந்தியாவிலும் உறவுள்ள விலங்குகள் எப்படி வந்தன? நடுவே ஒரு நிலம் இருந்து மூழ்கியிருக்க வேண்டும் என்றார். கண்டங்கள் நகரும் என்று அன்று யாருக்கும் தெரியாது. ஆல்ஃப்ரெட் வேகனர் அதைச் சொன்னது 1912-இல். உலகம் ஒப்புக்கொள்ள மேலும் அரை நூற்றாண்டு ஆயிற்று. ஒப்புக்கொண்ட பிறகு மூழ்கிய கண்டத்துக்குத் தேவையே இல்லாமல் போனது. குமரிக்குத் தெற்கே கடலடியில் இருப்பது கண்டங்கள் விலகியபோது கீழிருந்து பொங்கி உறைந்த கரும்பாறைத் தரை. மொரிஷியஸில் 300 கோடி ஆண்டுப் பழைய சிர்கான் மணிகள் கிடைத்ததாக 2017-இல் வந்த செய்தியும், பிளவில் சிதறிய சிறு துணுக்குகளைப் பற்றியதுதான். அந்தப் பிளவு நடந்தபோது மனித இனம் கிடையாது. நம் இனத்தின் வயதே சுமார் 3 லட்சம் ஆண்டுகள்.

இறையனார் அகப்பொருள் உரை சொல்லும் கடல்கோளை இதற்காகத் தூக்கி எறிய வேண்டியதில்லை. 20,000 ஆண்டுகளுக்கு முன்பு, பனியுகத்தில் கடல்மட்டம் இன்றையதைவிட சுமார் 120 மீட்டர் தாழ்ந்திருந்தது. இலங்கைக்கு நடந்தே போகலாம். பனி உருகிக் கடல் ஏறியபோது நம் கரைநிலம் கணிசமாக மூழ்கியது உண்மை. அது கரை மூழ்கிய கதை. கண்டம் மூழ்கிய கதை அல்ல. தமிழ்நாட்டின் தொன்மைக்குச் சான்று வேண்டுமென்றால் கடலடியில் தேட வேண்டாம். பேருந்து போகும் தூரத்தில் இருக்கிறது.

ஆனால் அந்தச் சான்று வேகமாக மறைந்து வருகிறது. பரங்கிமலைச் சார்னோக்கைட்டும் திருவக்கரைக் கல்மரங்களும் தேசிய நிலவியல் சின்னங்கள். ஸ்ரீபெரும்புதூர் வட்டாரத்திலோ தொழிற்பூங்காக்களும் மனைப் பிரிவுகளும் பரவிவிட்டன. செடிப் படிமம் கிடைக்கும் ஓடைக்கரை ஒன்றையாவது வேலி போட்டுக் காக்க வேண்டும். திருவள்ளூர், காஞ்சிபுரம் மாவட்டங்களில் வீட்டுக்கோ கிணற்றுக்கோ தோண்டுபவர்களுக்கும் ஒரு வேண்டுகோள்: தகடு தகடாகப் பிரியும் கல்லில் இலைத் தடம் தெரிந்தால் லாரியில் ஏற்றி அனுப்பிவிடாதீர்கள். எந்த ஊரில், எத்தனை அடி ஆழத்தில் கிடைத்தது என்று ஒரு தாளில் எழுதி, கல்லோடு சேர்த்து சென்னைப் பல்கலைக்கழக நிலவியல் துறையிலோ இந்தியப் புவியியல் ஆய்வுத் துறை அலுவலகத்திலோ காட்டுங்கள். ஆழமும் இடமும் தெரியாத படிமம் ஆய்வுக்குப் பாதிதான் பயன்படும்.