பதினோராவது ஆள் வர வேண்டுமென்றால்

என் தீவில் பத்துப் பேர்தான் குடியிருக்கலாம். பதினோராவது ஆள் வர வேண்டுமென்றால், இருக்கும் பத்துப் பேரில் ஒருவர் மூட்டை கட்ட வேண்டும். அந்த ஒருவர் யார் என்று முடிவு செய்பவள் நான்.

‘அனிமல் கிராஸிங்: நியூ ஹொரைசன்ஸ்’ விளையாடியவர்களுக்கு இந்தத் தலைவலி தெரியும். தெரியாதவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்கிறேன். 2020 மார்ச் 20ஆம் தேதி நிண்டெண்டோ ஸ்விட்ச் கருவிக்காக வெளிவந்த ஆட்டம் இது. ஆளில்லாத் தீவில் கூடாரம் போட்டுத் தொடங்குவோம். மீன் பிடிக்கலாம், பழம் பறிக்கலாம், பூச்செடி நடலாம். வெற்றி தோல்வி கிடையாது. அக்கம்பக்கத்தார் எல்லாரும் பேசும் விலங்குகள்: அணில், பூனை, மான், கொரில்லா. இதுவரை 45 மில்லியனுக்கும் மேல் விற்றிருக்கிறது. ஆட்டம் வெளிவந்த மூன்றாவது வாரத்தில் சிங்கப்பூரில் நோய்ப்பரவல் முறியடிப்பு நடவடிக்கை தொடங்கியது. ஏப்ரல் 7 முதல் ஜூன் 1 வரை வீட்டை விட்டு வெளியேறாமல் இருந்த உயர்நிலை 2 மாணவிக்கு அந்தத் தீவு எவ்வளவு பெரிய உலகமாக இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். செந்தோசாகூட அந்த ஆண்டு ஆட்டத்துக்குள் தன் பெயரில் ஒரு தீவைத் திறந்தது.

இப்போது பலதுறைத் தொழிற்கல்லூரிப் படிப்பை முடிக்கப்போகிறேன். தீவைப் பற்றி எழுத வைத்தவன் என் மாமா மகன். உயர்நிலை 1 படிக்கும் அவன் பள்ளி விடுமுறையில் சொந்தமாக ஒரு தீவைத் தொடங்கினான். ஒரு நாள் கணிதப் பயிற்சி நோட்டின் கடைசிப் பக்கத்தைக் கிழித்து எடுத்துவந்தான். அதில் பத்துப் பெயர்கள். “அக்கா, இவங்க பத்துப் பேரும் வேணும். இப்ப இருக்கறவங்கள எப்படி வெளியே அனுப்பறது?”

நல்ல கேள்விதான். அனுப்பும் வழிகளை அவனுக்குச் சொன்னேன்.

சில நாள்களில் தீவுவாசி ஒருவர் தலைக்கு மேல் சிந்தனைக் குமிழியுடன் அலைவார். பேச்சுக் கொடுத்தால், வேறு ஊருக்குப் போகலாம் என்று நினைப்பதாகச் சொல்வார். போகச் சொன்னால் மறுநாள் அவர் வீட்டில் பெட்டிகள் அடுக்கியிருக்கும், அதற்கு அடுத்த நாள் மனை காலி. இருக்கச் சொன்னால் இருந்துவிடுவார். இரண்டாவது வழி முகாம். கூடாரத்தில் தங்க வரும் விருந்தாளியைக் குடியேற அழைத்தால், தீவு நிறைந்திருக்கும்போது யாருடைய இடத்துக்கு வருவது என்று அவரே ஒரு பெயரைச் சொல்வார். மூன்றாவது வழி அமீபோ அட்டை. அட்டையை வைத்து ஒரு விலங்கை மூன்று நாள் வரவழைத்து, அது கேட்கும் பொருளைச் செய்துகொடுத்தால், குடியேறச் சம்மதிக்கும். யாரை அனுப்புவது என்பதையும் நாமே சுட்டிக்காட்டலாம்.

இடம் காலியானால் 2,000 நூக் மைல் கொடுத்து ஒரு பயணச்சீட்டு வாங்கி, வேறொரு சிறு தீவுக்குப் பறக்கலாம். அங்கே ஒரு விலங்கு நிற்கும். பிடிக்கவில்லையென்றால் இன்னொரு சீட்டு, இன்னொரு தீவு. 400க்கும் மேற்பட்ட விலங்குகளில் மனத்தில் நினைத்த ஒன்று கிடைக்கும்வரை நூறு சீட்டைக் கரைத்தவர்களும் உண்டு.

இங்கே ஒரு வதந்தியையும் சொல்லிவிடுகிறேன், பள்ளி உணவகங்களில் இன்னும் உலவுகிறது. வேண்டாதவரைப் பூச்சி வலையால் தலையில் தட்டினால் கிளம்பிவிடுவாராம், வீட்டைச் சுற்றிக் குழி தோண்டினால் ஓடிவிடுவாராம். தட்டினால் நட்பு குறையும், அவ்வளவுதான். அலுவலகத்தில் இசபெல்லிடம் புகார் செய்தாலும், அவர் உடுத்தும் உடையையோ பேச்சையோ சரிசெய்யச் சொல்வாரே தவிர யாரையும் வெளியேற்ற மாட்டார்.

தம்பியின் பட்டியலுக்கு வருகிறேன். ரேமண்ட், மார்ஷல், ஜூலியன். ஜூடி, அங்கா, டயானா. ஃபானா, மரீனா, மாலி, மெரெங். இணையத்தில் எந்த ரசிகரைக் கேட்டாலும் ஏறக்குறைய இதே பெயர்கள்தான் வரும். எல்லாரும் அழகு. சிக்கல் வேறு இடத்தில் இருக்கிறது. ஆட்டத்தின் விலங்குகள் அனைத்தும் எட்டுக் குணங்களில் அடங்கும்: சாது, துள்ளல், மிடுக்கு, அக்கா, சோம்பல், உடற்பயிற்சிப் பித்து, சிடுசிடுப்பு, தற்பெருமை. முதல் நான்கும் பெண்களுக்கு, அடுத்த நான்கும் ஆண்களுக்கு. ஒரே குணமுள்ள இருவர் ஏறக்குறைய ஒரே வசனத்தைத்தான் பேசுவார்கள். தம்பியின் பத்துப் பேரில் மூவருக்குத் தற்பெருமை, மூவருக்கு மிடுக்கு, மீதி நால்வரும் சாது. எட்டில் மூன்றே மூன்று குணங்கள். தீவைச் சுற்றிவந்தால் காலையில் கேட்ட பேச்சையே மதியமும் வேறொரு முகம் சொல்லும்.

இழப்பு பேச்சோடு நிற்காது. கைதட்டுவது, வெட்கப்படுவது போன்ற பாவனைகளை நமக்குக் கற்றுத்தருபவர்கள் இந்தத் தீவுவாசிகள்தான். வீட்டில் உட்கார்ந்து பொருள் செய்துகொண்டிருக்கும்போது போனால் செய்முறையும் தருவார்கள். எந்தக் குணத்தவர் எதைத் தருவார் என்பது மாறும். அதனால் பழகிய ஆட்டக்காரர்கள் எட்டுக் குணத்துக்கும் ஒவ்வொருவரை வைத்துக்கொண்டு, மீதி இரண்டு இடத்தைத்தான் ஆசைக்கு விடுவார்கள். நானும் அப்படித்தான்.

ரேமண்ட் பெயர் வந்ததால் ஒரு வார்த்தை. கண்ணாடி போட்ட, இரு கண்ணும் இரு நிறத்தில் இருக்கும் இந்தச் சாம்பல் பூனை 2020இல்தான் அறிமுகமானது. அப்போது அதற்கு அமீபோ அட்டை கிடையாது. பெட்டி கட்டிய நிலையில் இருக்கும் விலங்கை, அந்தத் தீவுக்கு வரும் இன்னோர் ஆட்டக்காரர் தன் தீவுக்கு அழைத்துக்கொள்ளலாம் என்ற வசதியைப் பயன்படுத்தி, ரேமண்டை நூற்றுக்கணக்கான பயணச்சீட்டுகளுக்கு விற்றார்கள். உண்மையான பணத்துக்கும் விற்றார்கள். (இன்றும் யாராவது கேட்டால் தயவுசெய்து முன்பின் தெரியாதவருக்கு ‘பேநவ்’ செய்துவிடாதீர்கள்.) அதே காலத்தில் ராட்னி என்ற வெள்ளெலியை யாருக்கும் இலவசமாகக்கூட வேண்டாம். பற்களைக் காட்டிச் சிரிக்கும் முகம் பிடிக்கவில்லை என்றார்கள். ரேமண்டும் தற்பெருமைக்காரர், ராட்னியும் தற்பெருமைக்காரர். இருவர் வாயிலிருந்தும் வருவது ஒரே பேச்சு.

முகத்தைப் பார்த்து ஆளை அனுப்பும் இந்தப் பழக்கத்தால் அதிகம் அடிபடுபவர்கள் முதலில் வந்தவர்கள். ஆட்டத்தின் முதல் நாளில் நம்மோடு இருவர் வருவார்கள், ஒருவர் அக்கா வகை, மற்றவர் உடற்பயிற்சிப் பித்து. என்னோடு வந்த அக்கா ஹேசல், இரு புருவமும் ஒன்றாகச் சேர்ந்த அணில். முதலில் வந்த இருவர் வீட்டிலும் மிக எளிய சாமான்களே இருக்கும். பின்னால் வருகிறவர்களோ தங்களுக்கென்றே வடிவமைத்த அழகான வீட்டோடு வருவார்கள். அதாவது, ஒன்றுமில்லாத தீவில் நம்மோடு கூடாரத்தில் படுத்தவர்களுக்குத்தான் ஆக மோசமான வீடு. தீவு அழகானதும் படம் எடுத்துப் போட நினைக்கும் ஆட்டக்காரர்கள் முதலில் கைவைப்பது இவர்கள்மேல்தான். 2021இல் வந்த கட்டண விரிவாக்கத்தில் அவர்கள் வீட்டை நாமே புதுப்பிக்கும் வசதி வந்தது. அதற்குள் எத்தனையோ தீவுகளிலிருந்து ஹேசல் போய்விட்டிருந்தார்.

என் தீவில் அவர் இன்னும் இருக்கிறார். பாசம் என்று பெரிதாகச் சொல்லிக்கொள்ள மாட்டேன். அக்கா வகையினர் நள்ளிரவு தாண்டியும் விழித்திருப்பார்கள். சாதாரணநிலைத் தேர்வுக்குப் படித்த மாதங்களில் இரவு ஒரு மணிக்குப் பத்து நிமிடம் தீவுக்குப் போவேன். சில வீடுகளில் விளக்கு அணைந்திருக்கும், ஹேசல் பாலத்தருகே நடந்துகொண்டிருப்பார். அந்த நேரத்தில் முழித்திருக்கும் ஒருவரை எதற்கு அனுப்ப வேண்டும்?

இதே ஆட்ட வரிசையின் பழைய பதிப்புகளில் இவ்வளவு அதிகாரம் நமக்கு இல்லை. சில வாரம் விளையாடாமல் விட்டால், திரும்பி வரும்போது ஒரு வீடு இருந்த இடம் வெறும் மண்ணாக இருக்கும். போனவர் போனவர்தான். அதற்காக அழுத சிறுவர்கள் பலர். 2020 பதிப்பில் நம் சம்மதம் இல்லாமல் யாரும் போக முடியாது. எல்லாரும் இதை முன்னேற்றம் என்று கொண்டாடினார்கள். எனக்கு அதில் ஒரு நெருடல் உண்டு. “போகாதே” என்றால் ஒருவர்கூட மறுத்துப் பேசுவதில்லை, உடனே சரி என்கிறார். சிடுசிடுப்பான கிழவர் ஒருவர் கிளம்பலாமா என்று கேட்டபோது, எனக்கு அவரைப் பிடித்திருந்தும், போகச் சொன்னேன். உலகத்தைப் பார்க்க வேண்டும் என்று கேட்ட மனிதரை நான்காவது முறையும் நிறுத்திவைக்க எனக்கு மனம் வரவில்லை.

இந்த ஆட்டத்தின் பிறப்பே ஓர் இடமாற்றத்தில்தான் இருக்கிறது. இதை உருவாக்கியவர்களில் முக்கியமானவர் கட்சுயா எகுச்சி. சிபா வட்டாரத்தில் வளர்ந்த அவர், 1986இல் நிண்டெண்டோவில் வேலைக்குச் சேர கியோட்டோவுக்குக் குடிபெயர்ந்தார். குடும்பமும் நண்பர்களும் தூரத்தில். பக்கத்தில் ஆள் இருப்பதன் அருமை அப்போதுதான் புரிந்ததாகவும், அதிலிருந்தே இந்த ஆட்டத்தின் எண்ணம் பிறந்ததாகவும் அவர் பேட்டிகளில் கூறியிருக்கிறார். 2001இல் ஜப்பானில் முதல் பதிப்பு வந்தது. ஊரில் யாரையும் தெரியாமல் போய் இறங்கிய ஒருவரின் தனிமையிலிருந்து வந்த ஆட்டத்தில், நாம் ஆள்களுக்கு விலைப்பட்டியல் போட்டுக்கொண்டிருக்கிறோம்.

நான் விளையாடுவதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்க்கும் பாட்டிக்கு இந்த ஆள் மாற்றும் வேலை சுத்தமாகப் பிடிக்காது. “பக்கத்து வீட்டுக்காரன் என்ன, அமுக்கிப் பாத்துப் பொறுக்குற மாம்பழமாம்மா?” என்பார். வீவக வீட்டில் ஐம்பது ஆண்டுகளாக இருக்கும் அவர், அண்டை வீட்டாரில் ஒருவரையும் தேர்ந்தெடுத்ததில்லை. யார் வந்தார்களோ அவர்களோடு பழகினார். எதிர் வீட்டு மக்சிக்கிடம் சம்பால் அரைக்கக் கற்றுக்கொண்டது அப்படித்தான்.

எங்கள் அடுக்குமாடியில் யார் குடிவருவது என்பதற்கும் விதி இருக்கிறது என்று பாட்டியிடம் சொன்னேன். 1989இல் நடப்புக்கு வந்த இன ஒருங்கிணைப்புக் கொள்கைப்படி, ஒவ்வொரு புளோக்கிலும் வட்டாரத்திலும் ஒவ்வோர் இனத்தாருக்கும் ஓர் உச்சவரம்பு உண்டு. அந்த வரம்பால் வீட்டை விற்கச் சிரமப்படுகிறவர்கள் இருக்கிறார்கள், அதைப் பற்றி விவாதமும் நடக்கிறது. ஆனால் வரம்பே இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு 1971இல் தாமஸ் ஷெல்லிங் என்ற அமெரிக்கப் பொருளியலாளர் ஒரு விளையாட்டுக் கணக்குப் போட்டுக் காட்டினார். கட்டம் போட்ட பலகையில் இரு வகைக் காசுகள். யாருக்கும் யார்மேலும் வெறுப்பு இல்லை. பக்கத்தில் தன் வகையினர் ஓரளவாவது இருக்க வேண்டும் என்ற சின்ன விருப்பம் மட்டும்தான். அது நிறைவேறாத காசு வேறு கட்டத்துக்கு நகரும். சில சுற்றுகளுக்குள் பலகை இரண்டாகப் பிரிந்துவிடும். விலங்குப் பொம்மைகளையும் மனிதர்களையும் ஒரே தட்டில் வைக்க முடியாதுதான். ஆனாலும் தம்பியின் பட்டியலைப் பார்த்தபோது எனக்கு அந்தப் பலகைதான் ஞாபகத்துக்கு வந்தது.

மக்சிக் சென்ற ஆண்டு மகள் வீட்டோடு இருக்க தெம்பனிசுக்குப் போய்விட்டார். அவர் தலைக்கு மேல் எந்தக் குமிழியும் தெரியவில்லை, எங்களிடம் யாரும் சம்மதம் கேட்கவும் இல்லை. ஒரு சனிக்கிழமை காலையில் நடைவழியில் பெட்டிகள் இருந்தன. பாட்டி ஒரு டப்பா முறுக்கு கொடுத்தனுப்பினார். இப்போது அங்கே ஓர் இளம் தம்பதி. மின்தூக்கியில் பார்த்தால் தலையசைக்கிறார்கள். பாட்டி அடுத்த முறுக்கு டப்பாவைத் தயார் செய்துகொண்டிருக்கிறார்.

தம்பியிடம் இதையெல்லாம் விரிவுரையாக நான் சொல்லவில்லை. எட்டுக் குணக் கணக்கை மட்டும் சொன்னேன். மூன்று மாதத்தில் ரேமண்டைப் பிடித்துவிட்டான், ஜூடியையும் பிடித்துவிட்டான். ஒன்பது இடம் நிறைந்தது. பத்தாவது மனைக்கு ஆள் தேடச் சீட்டு இல்லை, தேர்வும் வந்துவிட்டது. அப்படி விட்டால் ஆட்டமே ஒருவரை அனுப்பிவைக்கும். வந்தவர் பேரல்ட், கண்ணாடி போட்ட கரடிக்குட்டி, சோம்பல் வகை. இணையத்தில் ராட்னி அளவுக்கே வேண்டப்படாதவர். “அக்கா, இவன் எப்பப் பாத்தாலும் சாப்பாட்டைப் பத்தியே பேசுறான்” என்று அன்றிரவு செய்தி அனுப்பினான். அடுத்த வாரம் பேரல்ட் ஏதோ பலகாரத்தைப் பற்றிச் சொன்னதைப் படம் எடுத்து அனுப்பியிருந்தான், கூடவே ஏழு சிரிப்பு முகங்கள். இன்றுவரை அவரை மாற்றவில்லை.