கட்டடமும் களரியும்: சென்னை விக்டோரியா பொது அரங்கமும் பழவேற்காடு ஏரிக் குப்பங்களின் கூத்து வெளியும்

ஆய்வுச் சுருக்கம்

தமிழ் நாடக வரலாற்றில் விக்டோரியா பொது அரங்கம் சுகுண விலாச சபையோடு இணைத்தே பேசப்படுகிறது. ஆயினும் அக்கட்டடத்தின் வரலாறும் அதில் நிகழ்ந்த நாடகத்தின் வரலாறும் ஒன்றல்ல. சபை அங்கு வாடகைக்கு இருந்தது; அது வெளியேறிய பின்னும் கட்டடம் நின்றது. சென்னைக்கு வடக்கே பழவேற்காடு ஏரியைச் சூழ்ந்த மீனவக் குப்பங்களில் நிலைமை இதற்கு நேர்மாறானது. அங்குக் கூத்துக்குக் கட்டடம் இல்லை. ஊர்ப்பொது நிலமே அரங்கு. இவ்விரு அரங்கவெளிகளையும் ஒப்பிட்டு, மரபுப் பாதுகாப்பு என்பது கட்டடத்தை மட்டும் கருதும்போது எது விடுபட்டுப்போகிறது என்பதை இக்கட்டுரை விளக்குகிறது.

திறவுச்சொற்கள்: விக்டோரியா பொது அரங்கம், சுகுண விலாச சபை, பம்மல் சம்பந்த முதலியார், தெருக்கூத்து, களரி, பழவேற்காடு, ஊர்ப்பொது நிலம்.

1. முன்னுரை

'அரங்கு' என்னும் தமிழ்ச் சொல் ஆடும் இடத்தைக் குறிப்பது. ஆடுவோர் குழுவைக் குறிக்கச் சபை, செட்டு, கம்பெனி, குழு எனப் பிற சொற்கள் வழக்கில் உள்ளன. ஐரோப்பிய மொழிகள் பலவற்றில் இவ்வேறுபாடு இல்லை. ருஷ்ய மொழியில் 'தியாத்ர்' என்னும் ஒரே சொல் கட்டடத்தையும் அதில் இயங்கும் நிலையான குழுவையும் சேர்த்தே குறிக்கும். இது சொல்லளவில் நிற்கும் வேறுபாடு அன்று. குழுவும் கட்டடமும் ஒன்றாக வளர்ந்த சமூகத்தில் கட்டடத்தைக் காப்பது நாடகத்தைக் காப்பதற்கு ஏறத்தாழச் சமமாகிறது. இரண்டும் தனித்தனியே இருந்த தமிழ்ச் சூழலுக்கு அவ்விதி பொருந்துமா என்பதே இக்கட்டுரையின் வினா. இதற்கு விடை காண இரண்டு களங்கள் எடுத்துக்கொள்ளப்படுகின்றன. ஒன்று, சென்னை நகரின் விக்டோரியா பொது அரங்கம். மற்றொன்று, அந்நகரிலிருந்து ஏறத்தாழ 55 கிலோமீட்டர் வடக்கே திருவள்ளூர் மாவட்டத்தில் உள்ள பழவேற்காடு ஏரிக் குப்பங்கள்.

2. நகர மண்டபத்தின் தோற்றம்

சென்னையில் ஆங்கிலேயர் நாடகம் பார்க்கவும் விருந்தாடவும் கூடிய இடம் எழும்பூரில் இருந்த 'பாந்தியன்' வளாகம். இன்றைய அரசு அருங்காட்சியகம் அவ்விடத்தில்தான் அமைந்துள்ளது. பாந்தியன் சாலை என்னும் பெயரும் அதன் எச்சமே. அது காலனி அதிகாரிகளுக்கான இடம். நகரத்தின் இந்தியக் குடிமக்கள் கூடுவதற்கெனப் பொது மண்டபம் ஒன்று தேவை என்னும் எண்ணம் 1880களின் தொடக்கத்தில் உருப்பெற்றது. இதன் பொருட்டு அறக்கட்டளை அமைக்கப்பட்டது. பூங்காநகர்ப் பகுதியில் 'பீப்பிள்ஸ் பார்க்' எனப்பட்ட பூங்காவின் நிலத்தில் 3.14 ஏக்கர் நகராட்சியிடமிருந்து 99 ஆண்டுக் குத்தகைக்குப் பெறப்பட்டது. விஜயநகரம் மகாராஜா ஆனந்த கஜபதி ராஜு 1883 டிசம்பரில் அடிக்கல் நாட்டினார். கட்டுமானச் செலவுக்கு அவரும் பிற சமஸ்தானத்தாரும் வணிகரும் பொருள் தந்தனர். விக்டோரியா அரசியின் ஆட்சிப் பொன்விழா 1887இல் கொண்டாடப்பட்டதை ஒட்டி மண்டபம் அவர் பெயரைப் பெற்றது.

கட்டடத்தை வடிவமைத்தவர் ராபர்ட் பெல்லோஸ் சிஷோம். கட்டியவர் நம்பெருமாள் செட்டி. செங்கல்லும் சுண்ணாம்புச் சாந்தும் கொண்டு எழுந்த இக்கட்டடம் இந்தோ-சாரசனிக் பாணியில் ரோமானிய வளைவுகளைக் கலந்தது. தூண்வரிசைத் தாழ்வாரங்களும், திருவாங்கூர்ப் பாணிக் கூரை வேய்ந்த சதுரக் கோபுரமும் அதன் அடையாளங்கள். தரைத்தளத்திலும் முதல்தளத்திலும் பெரிய கூடங்கள் அமைந்தன. மரத்தாலான மேல்மாடமும் இருந்தது.

ஒன்றை இங்குக் கருதவேண்டும். இது நாடகத்திற்கெனத் திட்டமிடப்பட்ட கட்டடம் அன்று, நகர மண்டபம். பொதுக்கூட்டம், சொற்பொழிவு, இசை, நாடகம் அனைத்திற்கும் வாடகைக்கு விடப்பட்டது. விவேகானந்தர் 1897 பிப்ரவரியில் இங்கு உரையாற்றினார். 1890களின் பிற்பகுதியில் டி. ஸ்டீவன்சன் என்பார் சென்னையின் தொடக்ககாலச் சலனப்படக் காட்சிகளை இங்கு நடத்தினார். பலவற்றுக்குமான இம்மண்டபத்தில் நாடகமும் ஒன்றாக இடம்பெற்றது.

3. சுகுண விலாச சபை: வாடகைக்கு இருந்த நாடகம்

பம்மல் சம்பந்த முதலியாரும் (1873–1964) அவர் நண்பர்களும் 1891இல் சுகுண விலாச சபையைத் தொடங்கினர். இளமையில் தமிழ் நாடகங்களின்பால் தமக்கிருந்த வெறுப்பையும், பல்லாரி கிருஷ்ணமாச்சார்லு குழுவினரின் தெலுங்கு நாடகங்களைக் கண்டபின் மனம் மாறியதையும் சம்பந்த முதலியார் 'நாடக மேடை நினைவுகள்' நூலில் பதிவு செய்துள்ளார். அவ்வெறுப்பின் பின்னணி கருதத்தக்கது. அக்காலத்தில் கற்றோர் கூத்தை இழிவாகவே கருதினர். வழக்கறிஞர், அரசு அலுவலர், ஆசிரியர் ஆகியோர் ஊதியமின்றி நடிக்கும் சபையொன்று தன்னைக் கூத்திலிருந்து வேறுபடுத்திக் காட்டவேண்டியிருந்தது. உரைநடை வசனம், வரையறுத்த நேரம், ஷேக்ஸ்பியர் தழுவல்கள் ஆகியவை அவ்வேறுபாட்டின் கூறுகள். 'ஹாம்லெட்' 'அமலாதித்தன்' ஆனதும், 'மெர்ச்சன்ட் ஆஃப் வெனிஸ்' 'வாணீபுரத்து வணிகன்' ஆனதும் இப்பின்னணியிலேயே.

அவ்வேறுபாட்டை நிலைநிறுத்தியதில் கட்டடத்திற்கும் பங்குண்டு. 1902 முதல் 1936 வரை சபை விக்டோரியா அரங்கில் இயங்கியது. படச்சட்ட மேடை பார்வையாளரை ஒரே திசையில் அமர்த்தியது. நுழைவுச்சீட்டு யார் உள்ளே வரலாம் என்பதையும் எந்த வரிசையில் அமரலாம் என்பதையும் வகுத்தது. கூத்தில் பார்வையாளர் எழுந்து செல்வர், திரும்பி வருவர், உறங்குவர், விழிப்பர். மண்டபத்திலோ அமைதியாக அமர்ந்திருத்தலே நாகரிகம் எனப்பட்டது. 'நவீன' நாடகம் என்னும் கருத்தாக்கம் நாடகப் பிரதிகளால் மட்டுமன்றி நாற்காலிகளாலும் உருவானது எனலாம்.

ருஷ்ய நிகழ்வொன்றோடு இதனை ஒப்பிடுதல் பொருந்தும். ஸ்தானிஸ்லாவ்ஸ்கியும் நெமிரோவிச்-தன்சென்கோவும் 1898இல் நிறுவிய மாஸ்கோ கலை அரங்கு, 1902இல் காமர்கெர்ஸ்கி தெருவில் தனக்கென ஒரு கட்டடத்தைப் பெற்றது. சவ்வா மொரோசவ் என்னும் தொழிலதிபர் பொருளுதவ, ஃபியோதர் ஷேக்தெல் என்னும் கட்டடக் கலைஞர் பழைய அரங்கொன்றைக் குழுவின் தேவைக்கேற்ப மாற்றியமைத்தார். சென்னைச் சபை விக்டோரியா அரங்கில் குடிபுகுந்ததும் அதே 1902ஆம் ஆண்டில்தான். மாஸ்கோவில் நடிப்பு முறைக்கேற்பக் கட்டடம் மாறியது; சென்னையில் கட்டடத்திற்கேற்ப நடிப்போர் தம்மை அமைத்துக்கொண்டனர். முன்னது ஊதியம் பெறும் நிலையான குழு. பின்னது ஓய்வு நேரக் கலைஞர்களின் சபை. எனவே கட்டடத்தோடு சபைக்கு இருந்த உறவு வாடகைதாரர் உறவே.

சபை 1936இல் மவுண்ட் ரோடில் தனக்கெனக் கட்டிய இடத்திற்குப் பெயர்ந்தது. சொந்தக் கட்டடம் நாடகத்தை வளர்த்திருக்கவேண்டும் என எதிர்பார்ப்பது இயல்பு. நடந்தது வேறு. பேசும்படம் நகரத்தின் பார்வையாளரை ஈர்த்துக்கொண்டது; சபை காலப்போக்கில் உறுப்பினர்களின் பொழுதுபோக்கு மன்றமாக மாறியது. சம்பந்த முதலியாரின் 'மனோகரா' 1954இல் திரைப்படமாகப் பெரும்புகழ் பெற்றபோது, அந்நாடகத்தை வளர்த்த மேடை தன் முதன்மையை இழந்திருந்தது.

4. கட்டடம் மட்டும் எஞ்சிய நிலை

விக்டோரியா அரங்கின் பிற்கால வரலாறு பெரிதும் நிலத்தின் வரலாறு. குத்தகைக் காலம் முடிந்தபின் மாநகராட்சிக்கும் அறக்கட்டளைக்கும் இடையே உரிமை பற்றிய வழக்கு நீண்டது. அதனிடையே கட்டடம் பாழடைந்தது. அருகிலிருந்த மூர் மார்க்கெட் 1985இல் தீக்கிரையாகி, அவ்விடம் ரயில்வே கட்டடத்திற்குச் சென்றதை நினைவிற்கொண்டால், இவ்வரங்கம் தப்பிப் பிழைத்ததே பெரிது. சிங்காரச் சென்னை 2.0 திட்டத்தின்கீழ் 2023இல் மாநகராட்சி சீரமைப்புப் பணிகளைத் தொடங்கியது.

செங்கல்லும் சுண்ணாம்பும் மரமும் மீளப்பெறக்கூடியவை. அதற்கான தொழில்நுட்பமும் சட்டமும் உள்ளன. ஆனால் இவ்வரங்கிற்கு உரிய நாடகக் குழு என ஒன்று இன்றில்லை. காக்கப்படுவது அரங்கு, அரங்கேற்றம் அன்று.

5. பழவேற்காடு: கட்டடமில்லாத அரங்கு

சில்காவுக்கு அடுத்து இந்தியாவின் இரண்டாவது பெரிய உவர்நீர் ஏரி பழவேற்காடு. இங்கும் மரபுக் கட்டடங்கள் உண்டு. டச்சுக்காரர் 1613இல் கட்டிய ஜெல்டிரியா கோட்டை இன்று சிதைந்த மேடு. டச்சுக் கல்லறைத் தோட்டம் இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ளது. பழவேற்காட்டின் 'வரலாறு' என வெளியார் காண வருவது இவற்றையே.

ஏரிக்கும் கடலுக்கும் இடைப்பட்ட குப்பங்களில் வாழ்வோரின் கலை வெளி இப்பட்டியலில் இடம்பெறுவதில்லை. திருவள்ளூர் மாவட்டம் வடக்கத்திப் பாணித் தெருக்கூத்து வழங்கும் நிலப்பரப்பைச் சேர்ந்தது. இப்பகுதியில் அம்மன் கோயில் திருவிழாக்களே கூத்துக்கு உரிய காலம். கூத்து நிகழுமிடம் 'களரி' எனப்படும். அது பெரும்பாலும் கோயிலின் முன்னுள்ள வெற்று நிலம். ஆடுவோருக்குப் பின்னே முகவீணை, மிருதங்கம், ஆர்மோனியம், தாளம் ஆகியவற்றை இசைப்போர் இடம்கொள்வர். ஏனைய மூன்று புறமும் மக்கள் அமர்வர். இருவர் பிடிக்கும் துணியே திரை. கட்டை கட்டிய வேடதாரி அத்திரையின் பின்நின்று பாடி வெளிப்படுவதே திரைப் பிரவேசம். விக்டோரியா அரங்கில் கட்டடம் செய்த பணியை இங்குத் துணியொன்று செய்கிறது. விடிந்ததும் அரங்கு கலைந்து நிலம் பழைய நிலைக்குத் திரும்புகிறது.

இவ்வரங்கின் பொருளியலும் வேறானது. விக்டோரியா அரங்கு புரவலர் கொடையால் எழுந்து, நுழைவுச்சீட்டாலும் வாடகையாலும் இயங்கியது. மீனவ ஊர்களில் திருவிழாச் செலவு தலைக்கட்டு வரியாகப் பிரிக்கப்படுவது வழக்கம். ஊர்ப் பஞ்சாயத்து அதனை முடிவு செய்யும். பார்வையாளர் ஒவ்வொருவரும் முன்னரே பங்களித்தவர் ஆதலின் நுழைவாயில் என ஒன்று தேவைப்படுவதில்லை. இதே கூட்டு முடிவு முறை ஏரியின் தொழிலிலும் செயற்படுகிறது. இறால் பிடிக்கும் நீர்ப்பகுதிகளில் எவர், எந்நாளில், எவ்விடத்தில் வலையிடுவது என்பதை முறைவைத்து வகுக்கும் 'பாடு' முறை மீன்வளச் சமூகவியல் ஆய்வுகளில் விரிவாகப் பேசப்பட்டுள்ளது. பாடு ஏரி நீரைப் பொதுவாக வைத்திருப்பது போலவே, களரி கரை நிலத்தின் ஒரு பகுதியைப் பொதுவாக வைத்திருக்கிறது. களரியைக் கலை வெளியாக மட்டுமன்றி ஊர்ப்பொதுச் சொத்தாகவும் காணவேண்டும் என்பதற்கு இதுவே அடிப்படை.

6. எது பாதுகாக்கப்படுகிறது?

கட்டடமின்மை கூத்துக்கு வலிமையாகவும் இருந்துள்ளது. குத்தகை முடிவதில்லை, கூரை இடிவதில்லை, வழக்கால் கதவு அடைபடுவதில்லை. புரவலரின் தயவும் வேண்டியதில்லை. ஆனால் அதே தன்மை அதன் நொய்மையும் ஆகிறது. கட்டடம் இல்லாத இடம் ஆவணங்களில் வெற்றிடமாகவே தோன்றும். கடலரிப்பு, சாலை, குடியிருப்பு, தொழில் விரிவாக்கம் ஆகியவற்றின் முன் முதலில் விட்டுக்கொடுக்கப்படுவது வெற்றிடமே. ஸ்ரீஹரிக்கோட்டாவில் ஏவுதளம் அமைந்தபோது தீவிலிருந்து இடம்பெயர்ந்த மீனவக் குடும்பங்கள் பழவேற்காட்டுப் பகுதியில் குடியேறின. குடிபெயர்வோருக்கு வீடு எண்ணிக் கொடுக்கலாம்; கூடும் வெளி அவ்வாறு எண்ணப்படுவதில்லை.

தமிழ்நாட்டில் 2012இல் இயற்றப்பட்ட மரபு ஆணையச் சட்டம் கட்டடங்களையும் வளாகங்களையும் முதன்மையாகக் கருதுவது. யுனெஸ்கோவின் 2003ஆம் ஆண்டு உடன்படிக்கை பொருளில்லா மரபுகளைக் கருதுவது. இந்தியா 2005இல் அதனை ஏற்றது. முன்னது கட்டடத்தையும் பின்னது கலையையும் நோக்க, கலை நிகழும் கட்டடமில்லா நிலம் இரண்டுக்கும் இடையே நழுவுகிறது.

இந்நிலத்திற்கான சட்ட வாய்ப்பு மரபுச் சட்டங்களுக்கு வெளியே உள்ளது. 2011ஆம் ஆண்டுக் கடலோர ஒழுங்குமுறை மண்டல அறிவிக்கை, கடற்கரை மேலாண்மை வரைபடங்களில் மீனவ ஊர்களையும் மீனவச் சமூகத்தின் பொதுச் சொத்துகளையும் குறிக்க வேண்டும் என்றது. மீன் உலர்த்தும் இடம், இறங்குதளம், பள்ளி, சாலை ஆகியவை அங்கு எடுத்துரைக்கப்பட்டன. களரி பெயர் சுட்டப்படவில்லை. ஆயினும் பொதுச் சொத்து என்னும் வரையறை அதனையும் உள்ளடக்க இடம் தருகிறது. ஊர்தோறும் கூத்து நிகழும் இடம், அதன் எல்லை, அது பயன்படும் நாள்கள் ஆகியவற்றைக் கள ஆய்வாளர் ஆவணப்படுத்தினால், அவ்வாவணம் நாடக ஆய்வுக்கு மட்டுமன்றி ஊராரின் நில உரிமைக்கும் சான்றாகும்.

7. முடிவுரை

விக்டோரியா பொது அரங்கம் தமிழ் நாடக வரலாற்றில் பெற்ற இடம் பெரிது. எனினும் அது நாடகத்திற்கு இடமளித்த கட்டடமே தவிர நாடகத்தின் இருப்பிடம் அன்று. சபை வெளியேறியபின் கட்டடம் தனித்து நின்றது. சொந்தக் கட்டடம் பெற்ற சபையில் நாடகம் குன்றியது. கட்டடமும் கலையும் ஒன்றையொன்று தாமாகக் காப்பதில்லை என்பதற்கு இவ்விரண்டும் சான்று. பழவேற்காட்டுக் குப்பங்களில் கலையைத் தாங்குவது ஊர்க் கூட்டமைப்பும் அதன் பொது நிலமும். எனவே தமிழ் அரங்க வரலாறு எழுதுவோர் கட்டடங்களின் வரிசையோடு களரிகளின் வரைபடத்தையும் சேர்த்து உருவாக்குதல் வேண்டும். விக்டோரியா அரங்கிற்கு அடிக்கல் நாட்டிய நாள் ஆவணத்தில் உள்ளது. களரிக்கு அடிக்கல் இல்லை. அதன் எல்லையையேனும் எழுதிவைப்பது ஆய்வாளர் கடன்.